எல்லாவற்றுக்கும் ஒரே அதட்டல் வேண்டாம்

பதின்ம வயதுப் பிள்ளையைக் கண்காணிக்க அதன் போனைத் தினமும் சோதித்தாலே போதும் என்கிறது நான் படித்த ஒரு கட்டுரை. இதில் எனக்கு உடன்பாடில்லை. ஸ்வீடனில் ஸ்டாட்டின், கெர் என்ற உளவியல் ஆய்வாளர்கள் இருவரும் 2000-இல் வெளியிட்ட ஆய்வு வேறு மாதிரி சொல்கிறது: பிள்ளைகளைப் பற்றிப் பெற்றோருக்குத் தெரிவதில் பெரும்பங்கு பிள்ளைகளே தாமாகச் சொன்னதுதான், துருவித் துருவிக் கேட்டு அறிந்தது அல்ல. உண்மையைச் சொன்னதற்கே திட்டு விழுந்தால் பிள்ளை அடுத்த முறை வாயே திறக்காது.

முதலில் வீட்டு விதிகளை வகை பிரித்துக்கொள்ளுங்கள். பாதுகாப்பு, உறக்கம், பிறரைத் துன்புறுத்தாமை இவை பெற்றோர் முடிவு. முடிவெட்டு, உடை, அறையை அடுக்குவது பிள்ளையின் முடிவு. வீடு திரும்பும் நேரம் இரண்டுக்கும் நடுவில் வரும். அங்கேதான் பேசித் தீர்க்க வேண்டும். 'எட்டு மணிக்கு வந்துடு' என்பதோடு நிறுத்தாதீர்கள். 'லேட்டாகும்னா ஏழே முக்காலுக்கே கூப்பிட்டுச் சொல்லு' என்பதும் விதியில் இருக்கட்டும். இரண்டு வாரம் ஒழுங்காக நடந்தால் அரை மணி கூட்டுங்கள். தவறினால் அந்த அரை மணியை மட்டும் ஒரு வாரம் பிடித்துவையுங்கள். கோபத்தில் 'ஒரு மாசம் வெளியவே போகக்கூடாது' என்று சொன்னால் மூன்றாம் நாளே பெற்றோர் தளர்ந்துவிடுவார்கள். பிள்ளையும் அந்த மூன்றாம் நாளுக்காகக் காத்திருக்கப் பழகிவிடும்.