‘மொத்தம்’ வந்தால் கூட்டு என்பது போதாது

“மொத்தம் என்று வந்தால் கூட்டு, மீதி என்று வந்தால் கழி, இதை மனப்பாடம் செய்துவிட்டால் எந்த வாக்கியக் கணக்கையும் போட்டுவிடலாம்” என்று குழந்தைகளுக்குச் சொல்லித்தரும் குறுக்குவழி, ஒரே படியில் முடியும் கணக்குகளில் பெரும்பாலும் பலிப்பதால்தான் சரிபோலத் தோன்றுகிறது. இரண்டு படிகள் வந்ததும் அது காலை வாரிவிடும்.

“முருகனிடம் 12 பென்சில்கள் உள்ளன, இது கீதாவிடம் இருப்பதைவிட 5 அதிகம், இருவரிடமும் மொத்தம் எத்தனை?” என்ற கணக்கில், ‘அதிகம்’, ‘மொத்தம்’ இரண்டும் கூட்டச் சொல்வதாக எடுத்துக்கொள்ளும் குழந்தை, 12-உடன் 5-ஐக் கூட்டி 17 என்று எழுதி நிறுத்திவிடும், அல்லது கீதாவிடம் 17 என்று கொண்டு 29 என்று முடிக்கும். உண்மையில் முதலில் கழித்துக் கீதாவிடம் 7 என்று கண்டு, பிறகுதான் கூட்ட வேண்டும், விடை 19.

பிரான்ஸின் கிரெனோபிள் நகரில் 1980 வாக்கில், ஒரு கப்பலில் 26 செம்மறியாடுகளும் 10 வெள்ளாடுகளும் இருந்தால் கேப்டனின் வயது என்ன என்று கேட்டபோது, 97 தொடக்கப்பள்ளிக் குழந்தைகளில் 76 பேர் அந்த எண்களைக் கொண்டே ஒரு விடை சொன்னார்கள். கேள்வியில் வயதைக் கண்டுபிடிக்க வழியே இல்லை; பொருளைப் பார்க்காமல் எண்களை மட்டும் பிடித்துக்கொண்டால் இப்படித்தான் ஆகும்.

பென்சில் கணக்கில், யாரிடம் அதிகம் என்பதை இரண்டு பட்டைகளாக வரையச் சொல்லி, ஒவ்வொரு படியின் விடைக்கு அருகிலும் அது எதன் எண்ணிக்கை என்று எழுத வைத்தால், 17 என்பது யாருடைய பென்சில் என்ற கேள்வி அங்கேயே எழும்.