கட்சி கட்டும் வர்ணனையாளருக்கு ஆதரவாக, கொஞ்சம் எதிராகவும்

விளையாட்டு வர்ணனையாளர் நடுநிலையாக இருக்க வேண்டும் என்று யாராவது ஆரம்பித்தால் எனக்கு ஹஃபீத் தர்ராஜி ஞாபகம்தான் வரும். அல்ஜீரியாக்காரர். அரபு மொழியில் கால்பந்து பார்ப்பவர்களுக்கு அறிமுகமே தேவையில்லாத பெயர். நம் ஆட்களில் பெயர் தெரிந்தவர்கள் குறைவு. ஆனால் வளைகுடாவில் வேலை பார்த்து, டீக்கடையிலோ கேம்ப் ரூமிலோ பீஇன் ஸ்போர்ட்ஸ் சானல் ஓடப் பார்த்தவர்கள் இந்தக் குரலைக் கட்டாயம் கேட்டிருப்பார்கள். எனக்கும் முதலில் குரல்தான் பழக்கமானது. பெயர் ரொம்பப் பிறகு.

அவரை ஏன் பிடிக்கும் என்று முதலில் சொல்லிவிடுகிறேன். 2019 ஜூலை 14, கெய்ரோ. ஆப்பிரிக்கக் கோப்பை அரையிறுதியில் அல்ஜீரியாவும் நைஜீரியாவும். முதல் பாதியில் ட்ரூஸ்ட்-எகாங் மேல் பட்டு ஓன் கோல், அல்ஜீரியா முன்னிலை. 72-ஆவது நிமிடத்தில் பெனால்டி கிடைத்து இகாலோ சமன் செய்துவிட்டார். அப்புறம் ஒன்றும் நடக்கவில்லை. கூடுதல் நேரத்துக்குப் போகப் போகிறது என்று எல்லோரும் முடிவு கட்டிய நேரத்தில், 90 நிமிடம் தாண்டி ஐந்தாவது நிமிடத்தில், பாக்ஸுக்கு வெளியே அல்ஜீரியாவுக்கு ஒரு ஃப்ரீ கிக். பந்துக்குப் பின்னால் ரியாத் மஹ்ரெஸ். இடது கால்.

கோல் விழுந்த பிறகு கத்துவது எந்த வர்ணனையாளரும் செய்வதுதான். தர்ராஜி செய்தது வேறு. மஹ்ரெஸ் உதைப்பதற்கு முன்னாலேயே அவரிடம் கெஞ்ச ஆரம்பித்துவிட்டார். 'ரியாத், கோலுக்குள்ள போடுய்யா' என்று, திரும்பத் திரும்ப. 'மஹ்ரெஸ் தயாராகிறார், சுவர் நிற்கிறது, கோல்கீப்பர் அக்பெயி இடப்பக்கம் நகர்கிறார்' என்கிற பாணி எல்லாம் போய்விட்டது. கோடிக்கணக்கான பேர் கேட்டுக்கொண்டிருப்பதை மறந்து, மைதானத்தில் நிற்கும் ஒரே ஒரு ஆளைப் பார்த்து 'நீ' என்று பேசுகிறார். பந்து வலைக்குள் போகிறது. அதற்குப் பிறகு அவர் போட்ட சத்தத்தை எழுத்தில் கொண்டுவர எனக்குத் தெரியாது, காணொலியைத் தேடிக் கேளுங்கள்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். அரபுச் சானல்களில் வர்ணனை பெரும்பாலும் ஏட்டு அரபியில்தான் போகும். ஈராக்காரருக்கும் புரிய வேண்டும், மௌரித்தேனியாக்காரருக்கும் புரிய வேண்டும். துனீசியாவின் இஸ்ஸாம் ஷவாலி மாதிரி ஆட்கள் அந்த மொழியில் கவிதையும் சரித்திரமும் கலந்து வித்தை காட்டுவார்கள். தர்ராஜி அந்த ரகம் இல்லை. நிதானமாக, தகவலோடு பேசுகிறவர். அந்தக் கடைசி நிமிடத்தில் மட்டும் ஏடு கையைவிட்டு நழுவி, அல்ஜியர்ஸ் தெருப் பேச்சு வாயில் வந்துவிட்டது. மேடையில் செந்தமிழ் முழங்கிக்கொண்டிருப்பவர் கால் இடறினால் 'ஐயோ அம்மா' என்றுதானே சொல்வார், அது மாதிரி. அந்த வரி அல்ஜீரியா முழுக்க ஒட்டிக்கொண்டது.

அன்று பிரான்சின் தேசிய தினம் வேறு. அன்றிரவு பாரிஸின் ஷான்செலிசே சாலை முழுக்க அல்ஜீரியக் கொடிகள். 132 வருஷம் அல்ஜீரியாவை ஆண்ட பிரெஞ்சுக்காரனின் தலைநகரத்தில், அவனுடைய பண்டிகை நாளில்! இதை எந்தக் கதாசிரியராவது எழுதியிருந்தால் 'ரொம்ப ஓவர்' என்று நாமே சொல்லியிருப்போம்.

நடுநிலை பற்றிய கேள்விக்கு எனக்கு இங்கேதான் பதில் கிடைக்கிறது. அல்ஜீரியாவில் கால்பந்து என்றைக்குமே வெறும் கால்பந்தாக இருந்ததில்லை. 1958 ஏப்ரலில், விடுதலைப் போர் நடுவில், பிரெஞ்சுக் கிளப்களில் ஆடிக்கொண்டிருந்த அல்ஜீரிய வீரர்கள் ரகசியமாகக் கிளம்பி துனிசுக்குப் போய் விடுதலை முன்னணியின் பெயரில் ஒரு அணி கட்டினார்கள். செயின்ட் எத்தியேனின் ரஷீத் மெக்லூஃபி, மொனாக்கோவின் முஸ்தஃபா ஸித்தூனி. இரண்டு பேரும் அந்த வருட உலகக் கோப்பைக்குப் பிரான்ஸ் அணியில் ஆடியிருக்க வேண்டியவர்கள். தூக்கி எறிந்துவிட்டுப் போனார்கள். நாடு பிறப்பதற்கு முன்பே அதற்கு ஒரு கால்பந்து அணி இருந்தது.

தொலைக்காட்சிக்கும் ஒரு கதை உண்டு. 1962 ஜூலையில் சுதந்திரம் வந்த பிறகும் அல்ஜியர்ஸ் ஒலிபரப்பு நிலையம் பிரெஞ்சுக்காரர்கள் கையில்தான் இருந்தது. அந்த அக்டோபர் 28-இல் அல்ஜீரியப் பணியாளர்கள் கட்டடத்தைத் தங்கள் வசம் எடுத்துக் கொடியேற்றினார்கள். பிரெஞ்சு டெக்னீஷியன்கள் போய்விட்டால் நிலையமே படுத்துவிடும் என்று எதிர்பார்த்தவர்கள் உண்டு, படுக்கவில்லை. இப்படிப்பட்ட நாட்டில், இப்படி மீட்டெடுத்த நிலையத்தில் மைக் பிடிக்கிறவரிடம் போய் 'இரண்டு அணிக்கும் பொதுவாகப் பேசுங்க சார்' என்று நாம் எந்த முகத்தோடு சொல்வது?

தர்ராஜி 1964-இல் பிறந்தவர். சுதந்திரத்தைவிட இரண்டு வயது சின்னவர். 1982 உலகக் கோப்பையில் அல்ஜீரியா மேற்கு ஜெர்மனியை 2-1 என்று ஸ்பெயினின் ஹிஹோன் நகரில் கவிழ்த்தபோது அவருக்குப் பதினேழு வயது. மாஜரும் பெலூமியும் அடித்த அந்த இரண்டு கோல்களை அந்தத் தலைமுறை மறக்காது. அதே மைதானத்தில் ஒன்பது நாள் கழித்து மேற்கு ஜெர்மனியும் ஆஸ்திரியாவும் சேர்ந்து நடத்திய கூத்தையும் மறக்காது. ஜெர்மனி 1-0 ஜெயித்தால் இருவருமே அடுத்த சுற்றுக்குப் போகலாம், அல்ஜீரியா வெளியே. பத்தாவது நிமிடத்தில் அந்த கோல் விழுந்தது, மிச்ச நேரம் முழுக்கப் பந்தைத் தங்களுக்குள் தட்டிக்கொண்டு பொழுதைக் கழித்தார்கள். குழுவின் கடைசி ஆட்டங்களை ஒரே நேரத்தில் நடத்தும் இன்றைய வழக்கம் அந்த அநியாயத்திலிருந்து வந்ததுதான்.

எண்பதுகளின் பிற்பகுதியில் அவர் அரசுத் தொலைக்காட்சிக்குள் வந்தார். அப்போது நாட்டில் அந்த ஒரு சானல்தான். சீக்கிரமே வந்தது தொண்ணூறுகள், அந்த ஊர்க்காரர்கள் 'கறுப்புப் பத்தாண்டு' என்று சொல்லும் காலம். உள்நாட்டுப் போர். பத்திரிகையாளர்களைத் தேடிப் பிடித்துக் கொன்றார்கள், ஐம்பதுக்கும் மேற்பட்டவர்கள். தொலைக்காட்சியில் வேலை பார்ப்பது என்றாலே அரசாங்கத்தின் ஆள் என்ற முத்திரை. செய்திப் பிரிவில் இருந்த ஸ்மாயில் யெஃப்ஸா 1993 அக்டோபரில் கொல்லப்பட்டார். அந்தக் காலத்தில் அந்தக் கட்டடத்துக்குத் தினமும் வேலைக்குப் போய், மாலையில் மைக் முன்னால் உட்கார்ந்து 'கார்னர் கிக்' என்று சொல்லிக்கொண்டிருந்தவர்களைப் பற்றி யோசித்துப் பாருங்கள். தேசிய அணியும் அப்போது சொல்லிக்கொள்கிற மாதிரி இல்லை. 1990-இல் சொந்த மண்ணில் ஆப்பிரிக்கக் கோப்பை வென்ற அணி, தகுதியில்லாத வீரரை ஆடவைத்ததற்காக 1994 கோப்பையிலிருந்து விலக்கப்பட்டது. 1986-க்குப் பிறகு உலகக் கோப்பைக்குத் திரும்ப 24 வருஷம் ஆனது. தோல்வியை அழகாகச் சொல்லத் தெரிந்தவன்தான் நல்ல வர்ணனையாளர் என்று நான் நினைக்கிறேன், அதற்கு அவருக்குப் பயிற்சி நிறையவே கிடைத்திருக்கும்.

அரசுத் தொலைக்காட்சியில் நிர்வாகப் பொறுப்புகளும் பார்த்து, துணைத் தலைமை இயக்குநர் வரை உயர்ந்து, கடைசியில் கத்தார் தலைநகர் தோஹாவுக்கு, அல் ஜசீரா ஸ்போர்ட்டுக்குப் போனார். அதுதான் 2014-இலிருந்து பீஇன். அவருடைய தொழில் வாழ்க்கையில் பெரிய திருப்பம் இது என்பேன். முன்பு அவர் குரல் ஒரு நாட்டுக்குச் சொந்தம். இப்போது இருபது நாடுகளுக்கும் பொது. சம்பளம் கத்தாரிலிருந்து, பாசம் அல்ஜியர்ஸில், கேட்பவர்கள் காசாபிளாங்காவிலிருந்து பாக்தாத் வரை.

கூடவே எழுதவும் செய்தார். லண்டனிலிருந்து வரும் அல்-குத்ஸ் அல்-அரபி நாளிதழில் அவர் பத்தி வரும். பக்கவாதத்தில் விழுந்து, மக்கள் முன்னால் வருவதே அபூர்வமாகிவிட்ட அதிபர் பூத்தஃப்லிகாவை மறுபடி மறுபடி நாற்காலியில் உட்காரவைத்தபோது எதிர்த்துப் பேசியவர்களில் இவரும் ஒருவர். 2019 பிப்ரவரி 22 முதல் வெள்ளிக்கிழமைதோறும் மக்கள் தெருவுக்கு வந்தார்களே, அந்த ஹிராக் போராட்டம், அதில் இளைஞர்கள் பாடிய பாட்டுகளில் சில யுஎஸ்எம் அல்ஜெர் கிளப்பின் ரசிகர்கள் ஸ்டேடியத்தில் பாடிப் பழகியவை. ஏப்ரல் 2-இல் பூத்தஃப்லிகா பதவி விலகினார். அந்த மனநிலையில்தான் ஜூலை வந்தது, அந்த ஃப்ரீ கிக் வந்தது. செனகலுடன் இறுதி ஆட்டம் நடந்த ஜூலை 19-ஆம் வெள்ளிக்கிழமை, ஹிராக்கின் 22-ஆவது வெள்ளி. அரசு ராணுவ விமானங்களில் எல்லாம் ரசிகர்களை ஏற்றி கெய்ரோவுக்கு அனுப்பியது. இரண்டாவது நிமிடத்திலேயே பூனெஜா அடித்த பந்து எதிராளி மேல் பட்டு எகிறி உள்ளே விழுந்தது, கோப்பை வந்தது. கோப்பையைக் காட்டிக் கூட்டத்தைக் கலைக்கலாம் என்று அரசு நினைத்திருந்தால் அது பலிக்கவில்லை. அடுத்த வெள்ளியும் ஊர்வலம் போனது.

இது வரைக்கும் நான் அவர் கட்சி.

இனி எதிர்ப்பக்கம். மொராக்கோவில் தர்ராஜி என்றாலே கொதிக்கிறவர்கள் நிறைய. அவர் எங்கள் மேட்சுக்கு வர்ணனை செய்யக் கூடாது என்று அங்கே குரல் எழுந்ததுண்டு. காரணம், சமூக வலைத்தளத்திலும் பத்தியிலும் அவர் அல்ஜீரியா-மொராக்கோ சண்டையில் இறங்கி அடிப்பதுதான். 2021 ஆகஸ்டில் அல்ஜீரியா மொராக்கோவுடன் தூதரக உறவை முறித்துக்கொண்டது, அடுத்த மாதமே வான்வெளியையும் மூடியது. அதனால் 2023 ஜனவரியில் அல்ஜீரியாவில் நடந்த ஆப்பிரிக்கப் போட்டிக்கு மொராக்கோ அணி போகவே இல்லை. 2024 ஏப்ரலில் மொராக்கோவின் பெர்க்கான் கிளப் அல்ஜியர்ஸுக்கு வந்தபோது, மொராக்கோ தன்னுடையது என்று சொல்லும் மேற்கு சஹாராவையும் சேர்த்து மொராக்கோ வரைபடம் போட்ட அவர்களின் சட்டைகளை விமான நிலையத்திலேயே பிடித்து வைத்துக்கொண்டார்கள், மேட்சே நடக்கவில்லை. பூத்தஃப்லிகா விஷயத்தில் அரசை எதிர்த்து எழுதிய கை, மொராக்கோ விஷயத்தில் அரசு போகும் திசையிலேயே எழுதுகிறது. அவர் நம்பிக்கை அதுவாகவே இருக்கலாம், அதை நான் குறை சொல்லவில்லை. ஆனால் சனிக்கிழமை ஒரு நாட்டைத் திட்டிவிட்டு, ஞாயிற்றுக்கிழமை அதே நாட்டு ரசிகன் காசு கட்டிப் பார்க்கும் சானலில் வந்து உட்கார்ந்தால் அவன் எப்படி இயல்பாகக் கேட்பான்?

மைக் என்னவெல்லாம் செய்யும் என்பதை அல்ஜீரியர்கள் ஒருமுறை பார்த்தாயிற்று. 2009 நவம்பர். உலகக் கோப்பைத் தகுதிக்கு எகிப்துடன் மோதல். கெய்ரோவில் அல்ஜீரிய அணியின் பேருந்து மேல் கல்லெறி, வீரர்களுக்குக் காயம். அல்ஜியர்ஸில் எகிப்திய நிறுவனங்களின் அலுவலகங்கள் அடித்து நொறுக்கப்பட்டன. சூடானின் ஓம்துர்மானில் நடந்த தீர்வு ஆட்டத்தில் அந்தர் யஹியா ஒரு கோல் அடித்து அல்ஜீரியாவைக் கரையேற்றினார். எகிப்து தன் தூதரைத் திரும்ப அழைத்துக்கொண்டது. ஒரு மேட்சுக்காக! இதில் பாதி நெருப்பை மூட்டியது இரண்டு பக்கத்து தொலைக்காட்சி ஸ்டூடியோக்களும் பத்திரிகைகளும்தான். அங்கே வர்ணனையாளர்கள், பேட்டியாளர்கள், முன்னாள் வீரர்கள் எல்லோரும் தேசபக்தர்களாகத்தான் பேசினார்கள்.

அதனால் நான் கோடு கிழிக்கும் இடம் இதுதான். 90 நிமிடத்துக்குள் உன் அணிக்காக அழு, கெஞ்சு, தலையில் அடித்துக்கொள். கேட்கிறவன் எதிரணியாக இருந்தாலும் அதில் ஒரு மனுஷனைப் பார்ப்பான். 2019-இல் அல்ஜீரியா வென்றபோது மொராக்கோவின் உஜ்தா பக்கம்கூட மக்கள் கொண்டாடினார்கள். 1994-இலிருந்து மூடிக்கிடக்கும் எல்லை அது. இரண்டு பக்கமும் நின்று ஒருவருக்கொருவர் கையசைத்த காட்சிகளை நீங்களும் பார்த்திருக்கலாம். 'ரியாத், போடு' என்ற கெஞ்சல் அந்த முள்வேலியைத் தாண்டிப் போயிருக்கிறது. அதே ஆள் ஆற அமர உட்கார்ந்து தட்டச்சு செய்த வரிகள் தாண்டவில்லை.

'இங்கிலீஷ் கமென்ட்ரிதான் நியாயமாக இருக்கும்' என்று கமென்டில் வரப்போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. இங்கிலாந்து பெனால்டியில் தோற்கும்போது பிபிசி வர்ணனையாளரின் குரலைக் கேட்டிருக்கிறீர்களா? அங்கேயும் கட்சி உண்டு, கொஞ்சம் இஸ்திரி போட்டிருக்கும்.

2026 உலகக் கோப்பையில் அல்ஜீரியா இருக்கும் குழுவில் அர்ஜென்டினா, ஆஸ்திரியா, ஜோர்டான். அரபு வர்ணனையில் ஜோர்டான் மேட்சை அவருக்குக் கொடுக்கக் கூடாது என்பது என் கட்சி. இரண்டு வீட்டிலும் அதே சானல்தான் ஓடும், முதன்முதலாக உலகக் கோப்பைக்கு வரும் ஜோர்டான்காரனுக்கு அவன் மகிழ்ச்சியைக் கெடுக்காத ஒரு ஓமானியோ எமிரேட்ஸ்காரரோ பேசட்டும். ஆஸ்திரியா மேட்ச் மட்டும் தர்ராஜிக்குத்தான். 1982 ஹிஹோன் கணக்கு பாக்கி இருக்கிறது, அதை நடுநிலையான ஒருத்தர் வாயால் கேட்க எனக்கு விருப்பமில்லை.