விக்கெட் கீப்பர் எடுத்த நாலு விக்கெட்

ஆல்ஃபிரட் லிட்டில்டன் கிரிக்கெட், கால்பந்து இரண்டிலும் இங்கிலாந்துக்கு ஆடிய முதல் ஆள். அவரைப் பற்றிச் சொல்லும்போது, லண்டன் ஓவல் மைதானத்தில் நடந்த 1884 டெஸ்டை ஒரே வரியில் தாண்டிவிட முடியாது! சுவாரசியமே அங்கேதான் இருக்கிறது. ஆஸ்திரேலியா அடித்து நொறுக்கி 500 ரன்னைத் தாண்டிவிட்டது. இங்கிலாந்தின் 11 பேரும் பந்து வீசிப் பார்த்த ஆட்டம் அது. விக்கெட் கீப்பரான இவரும் காலில் கட்டிய பேடோடு வந்து, கையைத் தூக்காமல் இடுப்புக்குக் கீழிருந்து மெதுவாகத் தூக்கிப் போட்டார். 19 ரன்னுக்கு 4 விக்கெட்! அப்போது கீப்பராக நின்றவர் யார் தெரியுமா? அந்தக் காலத்தின் பெரும் கிரிக்கெட் நட்சத்திரம், சாட்சாத் டபிள்யூ. ஜி. கிரேஸ். ஒரு கேட்சும் பிடித்தார். 551-இல் ஆல் அவுட்.

கால்பந்தில் 1877-இல் ஸ்காட்லாந்துடன் ஒரே ஆட்டம், ஒரு கோல். தோல்வி 3-1. பந்தைப் பாஸ் பண்ணவே மாட்டேன் என்கிறாரே என்று அதே அணியில் ஆடிய ஷெஃபீல்டுக்காரரான மாஸ்ஃபோர்த் குறைப்பட்டதற்கு, நான் என் சந்தோஷத்துக்குத்தான் ஆடுகிறேன் என்றாராம். திமிர்தான். ஆனால் ஈட்டன் பள்ளியில் படித்தவர்களுக்குப் பந்தைத் தனியாக உருட்டிக்கொண்டு ஓடுவதுதான் ஆட்டமே.

அப்புறம் வழக்கறிஞர், எம்.பி., 1903 முதல் 1905 வரை பிரிட்டிஷ் அரசில் காலனிகளுக்கான அமைச்சர். 1913-இல், 56 வயதில், கிரிக்கெட் ஆடும்போது வயிற்றில் பந்து பட்டு, அதனால் வந்த கோளாறிலேயே இறந்துபோனார்.