இடுப்புச் சிரைகளுக்கு ஒரே வழி அல்ல
இடுப்புக்குழியின் ரத்தம் முழுவதும் உள் இலியாக் சிரை (இடுப்பு உறுப்புகளின் ரத்தத்தைத் திரட்டும் பெரிய சிரை) வழியாகவே இதயத்துக்குத் திரும்புகிறது என்று இடுப்புச் சிரைகள் பற்றிய கட்டுரை சொல்வதை அப்படியே ஏற்க முடியவில்லை. பெரும்பகுதி அப்படித்தான், ஆனால் மலக்குடலின் மேற்பகுதி ரத்தம் கல்லீரலுக்குப் போகிறது, சூலகச் சிரைகளுக்கோ தனி வழி. கட்டுரை அறவே விட்டுவிட்டது முதுகெலும்பைச் சூழ்ந்த சிரைப்பின்னலை. 1940இல் உடற்கூறியலாளர் ஆஸ்கர் பேட்சன் விளக்கிய இதில், ரத்தத்தை ஒரே திசையில் ஓடவைக்கும் வால்வுகள் பெரும்பாலும் கிடையாது. அதனால் இருமினாலோ முக்கினாலோ வயிற்றழுத்தம் கூடி, இடுப்பு ரத்தம் முதுகெலும்புப் பக்கம் திரும்பிவிடும். புராஸ்டேட் புற்றுநோய் முதுகெலும்பில் போய்க் குடியேறுவதற்கு இதையே ஒரு முக்கியக் காரணமாகச் சொல்கிறார்கள். வாசகர் ஒருவர் இடது காலில் ரத்தக்கட்டு அதிகம் வருவது ஏன் என்று கேட்டிருக்கிறார்: இடது காலின் ரத்தத்தை மேலே கொண்டுசெல்லும் இடது பொது இலியாக் சிரையை வலது பொது இலியாக் தமனி குறுக்கே அழுத்திச் செல்வதும் ஒரு காரணம்.