அன்ஆம்பிவலன்ட் என்றால் அக்கறை இல்லாதவரா?

'அன்ஆம்பிவலன்ட்' என்ற ஆங்கிலச் சொல்லுக்கு 'எந்த உணர்வும் இல்லாத' என்று இங்கே பலர் பொருள் சொல்கிறார்கள். அது 'இன்டிஃபரன்ட்' என்ற சொல்லின் பொருள். ஆம்பிவலன்ட் என்றால் ஒன்றின் மீதே விருப்பும் வெறுப்பும் சேர்ந்து இருப்பது, நம்ம ஊர் 'ரெண்டு மனசு'. ('ஆம்பி' லத்தீனில் 'இருபுறமும்'; சுவிஸ் மனநல மருத்துவர் பிளாய்லர் 1910 வாக்கில் உருவாக்கிய உளவியல் சொல்லிலிருந்து வந்தது.) முன்னால் 'அன்' சேர்ந்தால் இல்லாமல் போவது அந்த இழுபறிதான், உணர்வு அல்ல. வேலையை விடுவதில் ஒருவர் அன்ஆம்பிவலன்ட் என்றால், தயக்கமே இல்லாமல் இருக்கிறார் என்று பொருள். முழு வெறுப்புக்கும் இதே சொல் பொருந்தும், அதனால் 'முழுமனதாக' என்று மட்டும் பெயர்த்தால் சில இடங்களில் உதைக்கும். சந்தேகம் இருந்தால் நல்ல ஆங்கில அகராதி ஒன்றில் ஆம்பிவலன்ட், இன்டிஃபரன்ட் இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள்.