ஜாக் ஃப்ராஸ்ட் டிஸ்னியின் படம் அல்ல

இரண்டு நாட்களாகப் பலரும் பகிர்ந்துவரும் அந்தப் ‘புதுப்பித்த’ காணொளியை நீங்களும் பார்த்திருப்பீர்கள். 1934இல் வெளிவந்த ‘ஜாக் ஃப்ராஸ்ட்’ குறும்படத்தின் தொடக்க டைட்டிலை வெட்டியெறிந்துவிட்டு, டிஸ்னியின் அரிய படைப்பு என்று தலைப்பிட்டிருக்கிறார்கள். அது டிஸ்னியின் படம் அல்ல. அமெரிக்க அனிமேஷன் கலைஞர் அப் ஐவர்க்ஸ் (Ub Iwerks) தம் சொந்த ஸ்டூடியோவில் எடுத்த படம்.

பழைய கார்ட்டூன்தானே, குழந்தைகள் ரசித்தால் போதாதா என்கிறார்கள். தூரிகையும் வண்ணத்தட்டுமாகத் துள்ளி வந்து இலையுதிர்கால இலைகளுக்குச் சாயம் பூசும் ஜாக் ஃப்ராஸ்ட் என்ற அந்தக் குட்டிக் குறளியை ரசிக்காதவர் யார்? ரோமக் கோட்டு இருக்கும் வீம்பில் வீட்டைவிட்டு ஓடிய கரடிக்குட்டி, குளிர்காலக் கிழவனிடம் சிக்கும் இடத்தில் எனக்கு இன்றும் மனம் பதைக்கிறது. அந்தப் பதைப்பைத் தந்தவரின் பெயரைத்தான் வெட்டியிருக்கிறார்கள்.

மிக்கி மவுஸை வைத்து முதலில் உருவான படமான ‘பிளேன் கிரேஸி’யை 1928இல் ஏறக்குறையத் தனியாளாக வரைந்து முடித்தவர் ஐவர்க்ஸ். 1930இல் டிஸ்னியிலிருந்து விலகித் தனியாக நின்றார். அப்படி நின்று எடுத்ததையும் பழைய இடத்தின் கணக்கிலேயே எழுதினால் எப்படி?

நிறம் மங்கியிருந்ததால் திருத்தினோம் என்கிறார்கள். கார்ட்டூன்களுக்கு மூவண்ண டெக்னிகலர் என்ற வண்ணப்பட முறையைப் பயன்படுத்தும் உரிமையை அப்போது டிஸ்னி மட்டுமே வைத்திருந்ததால்தான், ஐவர்க்ஸ் செம்மஞ்சளையும் நீலப்பச்சையையும் கொண்ட இருவண்ண சினிகலரில் வேலை செய்தார். பழுத்த இலைகளும் உறைபனியும் அந்த இரண்டுக்குள்ளேயே எவ்வளவு அழகாக அடங்கியிருக்கின்றன! அதன்மேல் கணினியைக் கொண்டு ஊதாவைப் பூசிவிட்டு, அவருக்கு அந்த வண்ணங்கள் கிடைக்காமற்செய்த நிறுவனத்தின் பெயரையே படத்துக்குச் சூட்டியிருக்கிறீர்கள்.

அவரே 1940இல் டிஸ்னிக்குத் திரும்பினாரே என்று ஒருவர் வாதாடுகிறார். வேலைக்குத் திரும்பினார், அதனால் இடையில் எடுத்த படங்கள் டிஸ்னி எடுத்தவை ஆகிவிடாது. காப்புரிமை இல்லாத படம் என்பதும் ஒரு பதிலா? பெயரை அழிக்க அது அனுமதி ஆகாது.

ஏன் இவ்வளவு கோபம் என்று உள்பெட்டியில் கேட்டவருக்குச் சொல்கிறேன். சென்னையில் ஒரு ஸ்டூடியோவில் வெளிநாட்டு கார்ட்டூன் தொடருக்கு இன்பிட்வீன், அதாவது முக்கிய அசைவுகளுக்கு இடைப்பட்ட படங்களை, வரைந்தவன் நான். ஒரு கை உயர்ந்து இறங்குவதற்குள் வரும் தாள்களெல்லாம் எங்களுடையவை. தொடர் ஒளிபரப்பானபோது அம்மா கடைசிவரை எழுந்திருக்காமல் பார்த்தார். நிறுவனத்தின் பெயர் மட்டும் ஓடி மறைந்தது. “உன் பேரு எப்பப்பா வரும்?” என்றார். எனக்குப் பதில் சொல்ல வரவில்லை. எங்களுக்காவது பெயர் போடவேயில்லை. ஐவர்க்ஸுக்கு இருந்த பெயரை எடுத்திருக்கிறார்கள்.

காணொளியை நீக்கச் சொல்லவில்லை. வெட்டிய டைட்டிலை மீண்டும் சேர்த்து, தலைப்பில் அப் ஐவர்க்ஸ் என்று எழுதுங்கள். அதுவரை என் பக்கத்தில் யாரும் அதைப் பகிர வேண்டாம்.