"எப்படி?" என்று கேட்டது விசுவாசக் குறைவு அல்ல

வியாழக்கிழமை இரவு அந்தப் பதிவின் கீழே நடந்ததை நீங்களும் பார்த்திருப்பீர்கள். திரும்பச் சொல்லப் போவதில்லை, பெயர்களும் வேண்டாம். பிள்ளையை அடக்கம் செய்து இரண்டு வாரம்கூட ஆகாத ஒரு தாய்க்குச் சூரிய உதயப் படம் ஒன்றைப் போட்டீர்கள். அதன்மேல் "எல்லாம் நலமாகும், எல்லாம் நலமாகும், எல்லாவிதக் காரியமும் நலமாகும்" என்று எழுதியிருந்தது. கீழே நார்விச் ஜூலியன் என்று பெயர், பதினான்காம் நூற்றாண்டில் இங்கிலாந்தில் வாழ்ந்த துறவி. அவள் ஒரே ஒரு வார்த்தைதான் கேட்டாள். "எப்படி?"

அதற்குப் பிறகு வந்த கமெண்டுகளை நான் முழுக்கப் படித்தேன். விசுவாசம் இல்லையா என்றீர்கள். கடவுளைக் கேள்வி கேட்காதீங்க சிஸ்டர் என்றீர்கள். நீ அழுதால் பிள்ளையின் ஆன்மாவுக்கு இளைப்பாற்றி கிடைக்காது என்று ஒருவர் எழுதினார். அது இன்னும் அங்கேயே இருக்கிறது.

கோபம் அடங்கட்டும் என்று மூன்று நாள் பொறுத்தேன். அடங்கவில்லை. அதனால் எழுதுகிறேன்.

அந்த "எப்படி?" ஜூலியனின் கேள்வி. நீங்கள் பகிர்ந்த வரியைப் பெற்றுக்கொண்ட அதே பெண், அதைப் பெற்ற பிறகு கேட்ட கேள்வி. தான் கண்ட காட்சிகளைப் பற்றி அவர் எழுதிய புத்தகத்தில் 27ஆம் அதிகாரத்தில் அந்த வாக்கு வருகிறது. 29ஆம் அதிகாரத்தில் அவர் கலங்கி, துக்கத்தோடு, பயந்து பயந்து கேட்கிறார்: ஐயோ, நல்ல ஆண்டவரே, பாவத்தால் உம்முடைய படைப்புகளுக்கு இவ்வளவு பெரிய கேடு வந்திருக்கும்போது எல்லாம் எப்படி நலமாக முடியும்? படத்தில் இருந்தது பதில். கேள்வியை வெட்டி எறிந்துவிட்டு, அதையே கேட்ட ஒருத்தியை அந்தப் பதிலால் அடித்திருக்கிறீர்கள்.

இந்த வரியை யாரோ மலையுச்சியில் உட்கார்ந்து நிம்மதியாக எழுதினார் என்று நினைப்பவர்களுக்காகச் சொல்கிறேன். ஜூலியன் பிறந்தது 1342 வாக்கில். இங்கிலாந்தின் நார்விச் நகருக்குள் கொள்ளைநோய் வந்த 1349இல் அவர் சின்னப் பிள்ளை. 1361இல் அது திரும்ப வந்தபோது அதிகம் செத்தது குழந்தைகள். அந்தக் காலத்தார் அதைப் பிள்ளைகளின் சாவு என்றே குறித்து வைத்தார்கள். 1369இல் மறுபடியும் வந்தது. இத்தனை சவப்பாடைகளைப் பார்த்து வளர்ந்தவர் 1373 மே மாதம், முப்பதரை வயதில், தானே சாகக் கிடந்தார். சாகும் தறுவாயில் எண்ணெய் பூசும் நோயில்பூசுதல் கொடுத்தாகிவிட்டது. இடுப்புக்குக் கீழே உணர்வில்லை. சாமியார் ஒருவர், இயேசு சிலுவையில் தொங்கும் பாடுபட்ட சுரூபத்தை அவர் முகத்துக்கு நேரே பிடித்தார். அதைப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் காட்சிகள் தொடங்கின. மொத்தம் பதினாறு, கடைசிக் காட்சி மறுநாள் இரவு வந்தது. பக்கத்தில் நின்ற அவருடைய அம்மா, மகள் போய்விட்டாள் என்று நினைத்து, கண்களை மூடக் கை நீட்டினார். ஜூலியன் முதலில் எழுதிய சுருக்கமான பிரதியில் இது இருக்கிறது. பிறகு எழுதிய விரிவான பிரதியில் அம்மா இல்லை. ஏன் எடுத்தார் என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன்.

அந்தப் படுக்கையிலிருந்து எழுந்தவர், தான் கண்டதன் பொருள் என்ன என்று பதினைந்து ஆண்டுகளுக்கும் மேலாகக் கேட்டுக்கொண்டே இருந்தார். அன்புதான் அதன் பொருள் என்று பதில் வந்ததாகக் கடைசி அதிகாரத்தில் எழுதுகிறார். ஆண்டானும் ஊழியனும் பற்றிய ஒரே ஒரு காட்சி பிடிபட அவருக்கு இருபது ஆண்டுக்கு மூன்று மாதம்தான் குறைவாக ஆனது. இருபது வருஷம்! நம் ஆட்கள் அந்தத் தாய்க்கு இருபது நிமிடம் கொடுக்கவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 35ஆம் அதிகாரத்தில் ஜூலியன் தான் நேசித்த ஒரே ஒரு ஆளைப் பற்றிக் கேட்கிறார், அந்த உயிர் நல்வழியில் நிலைத்திருக்குமா என்று. அதற்குப் பதில் கிடைக்கவில்லை. பொதுவாகக் காட்டப்பட்டதை ஏற்றுக்கொள் என்ற அறிவுரைதான் கிடைத்தது. "எல்லாம்" பற்றி வாக்குப் பெற்ற பெண்ணுக்கே, தன் ஒரே ஒரு பிரியமானவரைப் பற்றிப் பதில் வரவில்லை. அதை அவர் மறைக்கவும் இல்லை. தன் பிள்ளை ஒன்றைப் பற்றி மட்டும் கேட்ட தாயிடம் நாம் பேசியிருக்க வேண்டிய ஜூலியன் இவர்தான்.

"நல்ல எண்ணத்தில்தானே போட்டோம்" என்பீர்கள். படத்தைப் போட்டவர் நல்ல எண்ணத்தில் போட்டார், ஒப்புக்கொள்கிறேன். அவர்மேல் எனக்குக் கோபமில்லை. பின்னால் வந்தவர்களுக்கு என்ன எண்ணம் இருந்தது? கேள்வி கேட்டவளை வாயடைக்கும் எண்ணம். அதை நல்லெண்ணம் என்று என்னால் சொல்ல முடியாது, எத்தனை செபமாலைப் படம் பக்கத்தில் போட்டாலும்.

எனக்கு ஏன் இவ்வளவு வலிக்கிறது என்று இன்பாக்ஸில் கேட்டவர்களுக்கு. என் அக்காவுக்கு எட்டாம் மாதத்தில் குழந்தை வயிற்றிலேயே இறந்தது. ஆஸ்பத்திரி வராந்தாவில், இன்னும் மயக்கம் முழுதாகத் தெளியாத நிலையில் இருந்தவளிடம், குடும்பத்தில் எல்லோரும் மதிக்கும் ஒரு பெரியவர் வந்து சொன்னார்: "குழந்தை சம்மனசாயிடுச்சும்மா, அழக்கூடாது, அழுதா ஆண்டவர் கொடுத்ததை வேணாம்னு சொன்ன மாதிரி." அக்கா அழுகையை அப்படியே நிறுத்தினாள். நான் பக்கத்தில்தான் நின்றேன். எனக்கு அப்போது பத்தொன்பது வயது. ஒரு வார்த்தை எதிர்த்துச் சொல்லவில்லை. அதன் பிறகு அக்கா யார் முன்னாலும் அழுது நான் பார்த்ததில்லை, அப்பா இறந்தபோதுகூட. அம்மா மட்டும் தினமும் சாயங்காலம் அவள் பின்னால் உட்கார்ந்து தலை வாரிவிடுவாள், எதுவும் பேசமாட்டாள். இன்றைக்கும் எனக்குத் தெரிந்த ஆறுதல் அந்தச் சீப்புதான்.

அழக்கூடாது என்று ஜூலியன் சொல்வாரா? அதற்கும் சாட்சி இருக்கிறது. பிற்காலத்தில் அவர் நார்விச்சில் புனித ஜூலியன் ஆலயத்தை ஒட்டிய அறையில், வெளியே வராத துறவியாக வாழ்ந்தார். மற்றவர்கள் ஜன்னலருகே வந்து பேசுவார்கள். 1413 வாக்கில் லின் நகரிலிருந்து மார்ஜரி கெம்ப் வந்தார். பதினான்கு பிள்ளை பெற்றவர். கோயிலில் சத்தமாக அழுவார், ஊரே அதற்காக அவரைத் திட்டியது. ஜூலியன் அவரிடம் என்ன சொன்னார் என்பதை மார்ஜரியே தன் புத்தகத்தில் பதிவு செய்ய வைத்திருக்கிறார். மனவருத்தத்தாலோ பக்தியாலோ இரக்கத்தாலோ கடவுள் ஒருவருக்குக் கண்ணீரைத் தந்தால், பரிசுத்த ஆவி அந்த ஆன்மாவில் இருக்கிறார் என்று நம்பலாம், நம்பவும் வேண்டும். இதுதான் அவர் சொன்னது. நீங்கள் மேற்கோள் காட்டிய அதே அம்மையார்!

"அவர் புனிதர் பட்டம் பெறாதவர், அவர் பேச்சை ஏன் இவ்வளவு பெரிதுபடுத்துகிறாய்" என்று ஒருவர் எழுதியிருந்தார். ஜூலியனின் வரியை வைத்து ஒரு தாயைக் கண்டிக்கும்போது அந்தச் சந்தேகம் வரவில்லை, அவருடைய கேள்வியை நான் எடுத்துக் காட்டியதும் வருகிறது. பட்டம் இல்லைதான். ஆனால் கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி நூல், 313ஆம் எண்ணில், இதே வாக்கை அவர் பெயரோடு எடுத்தாள்கிறது. திருத்தந்தை பதினாறாம் பெனடிக்ட் 2010 டிசம்பர் 1 அன்று தன் பொது மறைக்கல்வி உரையையே அவரைப் பற்றித்தான் கொடுத்தார். போதுமா?

அடுத்த குற்றச்சாட்டு, "இயேசுவைத் தாய் என்று எழுதியவர்தானே இவர்" என்பது. ஆமாம், எழுதினார். 58ஆம் அதிகாரத்திலிருந்து 63 வரை அதுதான். தாய் பிள்ளைக்குப் பால் கொடுக்கிறாள், நம் தாயான இயேசு தம்மையே கொடுக்கிறார் என்று எழுதினார். தாய் சில நேரம் பிள்ளையை விழவிடலாம், நம் தாய் நம்மை அழியவிடமாட்டார் என்று எழுதினார். அவருக்கு முன்பே புனித ஆன்செல்ம் என்ற பேராயர் இப்படிச் செபித்திருக்கிறார். விவிலியத்தில், எசாயா நூலில் இல்லையா, தாய் தேற்றுவதுபோல் உங்களைத் தேற்றுவேன் என்று? கோழி தன் குஞ்சுகளை இறக்கைக்குள் சேர்ப்பதுபோல் என்று எருசலேமைப் பார்த்து ஆண்டவரே சொல்லவில்லையா? ஆண்கள் சொன்னால் தியானம், ஒரு பெண் சொன்னால் பிரச்சினை. பீடத்திலிருந்து ஆறுதல் சொல்ல ஆண்கள், கீழே வாயை மூடி அழ அம்மாக்கள் என்று பழகிவிட்டோம். நான் பெண் என்பதற்காகக் கடவுளின் நன்மையைப் பற்றி உங்களிடம் பேசக்கூடாது என்று நினைக்க வேண்டுமா என்று ஜூலியனே கேட்டிருக்கிறார், சுருக்கப் பிரதியில். அறுநூறு வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. "நீ இறையியல் படித்தவளா" என்று என்னிடம் கேட்டவருக்கும் இதுதான் பதில்.

நம்பிக்கையே கூடாது என்றா சொல்கிறேன்? இல்லை. அந்த வாக்கை நான் நம்புகிறேன். முழுசாக நம்புகிறேன். ஆனால் 68ஆம் அதிகாரத்தில் உள்ளதையும் சேர்த்துத்தான் நம்புகிறேன். உனக்குப் புயல் வராது என்று ஆண்டவர் ஜூலியனிடம் சொல்லவில்லை, உழைத்துக் களைக்கமாட்டாய் என்று சொல்லவில்லை, துன்பப்படமாட்டாய் என்று சொல்லவில்லை. நீ தோற்கடிக்கப்படமாட்டாய் என்றுதான் சொன்னார். இதைச் சூரிய உதயத்தின்மேல் யாரும் எழுதுவதில்லை.

சனிக்கிழமை இரவு அந்தத் தாய்க்கு 29ஆம் அதிகாரத்தின் அந்த ஒரு கேள்வியை மட்டும் தமிழில் எழுதி அனுப்பினேன். ஆறுதல் ஒன்றும் சொல்லவில்லை. இரண்டு மணிக்கு மேல் பதில் வந்தது.

"இவங்களும் கேட்டாங்களாக்கா?"

"கேட்டாங்கம்மா" என்று எழுதினேன். அதற்குப் பிறகு ரொம்ப நேரம் அவள் டைப் செய்துகொண்டே இருப்பதாகக் காட்டியது. எதுவும் வரவில்லை. நானும் போனை வைக்கவில்லை.